அப்பாவின் பல்சுவை நிகழ்ச்சியைத் தேடுபவருக்கு

1984இல் சென்னைத் தொலைக்காட்சியின் பல்சுவை நிகழ்ச்சி ஒன்றில் உங்கள் அப்பா ராயபுரம் நண்பர்கள் ஐவருடன் பலகுரல் செய்தார், பெயர் தெரியவில்லை, பதிவு கிடைக்குமா என்று கேட்டிருந்தீர்கள்.

தம்பி, முதலில் நாடாவைத் தேடாதீர்கள். அப்போது பதிவுக்குப் பயன்பட்ட யூமேட்டிக் என்ற வீடியோ நாடா விலை அதிகம் என்பதால் பலவற்றை அழித்து மேலேயே வேறு நிகழ்ச்சியைப் பதிந்துவிட்டார்கள். தேதியைப் பிடியுங்கள். வீட்டு டிரங்குப் பெட்டியில் ஒப்பந்தக் கடிதம் இருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் எழும்பூர் கன்னிமாரா நூலகத்தில் அந்த ஆண்டின் நாளிதழ்களைக் கேட்டு, டிவி நிகழ்ச்சி நிரலை நாள்வாரியாகப் புரட்டுங்கள். தேதி கிடைத்ததும் சுவாமி சிவானந்தா சாலையில் உள்ள தொலைக்காட்சி நிலையத்துக்கு எழுதுங்கள். பதில் வராவிட்டால், 10 ரூபாய்க் கட்டணத்தில் தகவல் உரிமை மனு இருக்கிறது.

பழைய வண்ணாரப்பேட்டையில் எங்கள் தெருவுக்கே ஒரு டிவிதான். மரப்பெட்டிக்கு இழுப்புக் கதவு. ஒருநாள் டிவியில் வந்த வில்லுப்பாட்டில் குடம் அடித்தவர் எங்கள் தெருக்காரர். திரையில் அவர் கை மட்டும் ஒரு நொடி தெரிந்தது. அவருடைய அம்மா எழுந்து போய்க் கண்ணாடியைத் தொட்டார். மகனின் பெயரை எந்த நிரலிலும் அச்சிடவில்லை.

அதனால் அந்த ஐவரில் இருப்பவர்களை இந்த ஞாயிறே பாருங்கள். டிவித் திரையைப் படம்பிடித்த பழைய புகைப்படம் எவர் வீட்டிலாவது இருக்கலாம். பின்புறத்தையும் பாருங்கள், தேதி எழுதியிருப்பார்கள்.