50 லட்சம் வீட்டுக்கடன்: மொத்தமாக எவ்வளவு போகும்?

களுவாஞ்சிக்குடியில் வீடு கட்ட 50 லட்சம், 12% வட்டி, 20 வருசம், மாசம் 55,054 ரூபா தாங்குமா என்று கேட்டிருக்கிறீங்க. தவணை தாங்கலாம், மொத்தத்தைப் பாருங்க: 132 லட்சம். அதில் 82 லட்சம் வட்டி. முதல் மாசம் 50,000 வட்டிக்கே போய்விடும், கடனின் முதல் தொகையில் கழிவது 5,054தான். ஒரு வருசத்தில் 6.6 லட்சம் கட்டியும் கடன் குறைவது 64,000 அளவுதான். 15 வருசமாக்கினால் தவணை 60,008. மாசம் 5,000 கூட, ஆனால் மொத்தத்தில் 24 லட்சம் மிச்சம்.

இதெல்லாம் வட்டி மாறாவிட்டால். வங்கிக் கடிதத்தில் ‘ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர் + 2%’ மாதிரி இருந்தால் கவனம். ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர் என்பது வங்கிகள் தங்கட முதன்மை வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் கடனின் சராசரி வட்டி; அது மாறினால் உங்கட வட்டியும் மாறும். அந்த வீதம் 2022இல் 8 சொச்சத்திலிருந்து 27க்கு மேல் ஏறினது. 27% என்றால் உங்கட கடனுக்கு மாச வட்டி மட்டும் 112,500! வட்டி எத்தனை வருசத்துக்கு நிலையானது, உச்ச வரம்பு உண்டா, முன்கூட்டிக் கட்டினால் எவ்வளவு அறவிடுவாங்க, மூன்றையும் எழுத்தில் வாங்குங்க.

காணி மதிப்பீடு, சட்டத்தரணி கட்டணம், முத்திரை வரி, காப்புறுதி எல்லாம் வேற.

பெரும்போக நெல்லுக்காசு, சீட்டுக்காசு எது வந்தாலும் கடனின் முதல் தொகைக்குப் போடுங்க. போடும்போது, தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கச் சொல்லிக் கடிதம் கொடுங்க.