அமெரிக்க நகைச்சுவைத் தொடர்களில் எழுத்தாளர் எப்படித் தயாரிப்பாளர் ஆகிறார்?

அமெரிக்கத் தொலைக்காட்சியின் நகைச்சுவை எழுத்தாளர் பெரும்பாலும் தனியாக எழுதுபவர் அல்லர். எழுத்தாளர் அறை எனப்படும் குழுவில் சம்பளத்துக்குச் சேர்ந்து, கதையையும் வசனத்தையும் பிறரோடு பேசிப் பேசி உருவாக்குபவர். ஸ்டாஃப் ரைட்டர் என்ற முதல் படியில் நுழைபவர் ஸ்டோரி எடிட்டர், கோ-புரொடியூசர் (இணைத் தயாரிப்பாளர்) எனப் பதவி உயர்ந்து, தொடர் முழுவதற்கும் பொறுப்பான ஷோரன்னர் ஆகலாம். எடுத்துக்காட்டாக, கிரெக் டேனியல்ஸ் என்ற எழுத்தாளர் ‘தி சிம்ப்சன்ஸ்’ என்ற அசைபடத் தொடரின் குழுவில் எழுதிய பிறகுதான், அவர் மைக் ஜட்ஜுடன் சேர்ந்து உருவாக்கிய ‘கிங் ஆஃப் தி ஹில்’ தொடர் 1997இல் வெளிவந்தது.

எழுத்தாளருக்கு இத்தனை அதிகாரம் ஏன்? பெரிய அலைவரிசைகளில் ஒரு பருவத்துக்கு (சீசன்) 20க்கும் மேற்பட்ட பகுதிகள் (எபிசோடுகள்) தேவைப்படுவது நெடுங்கால வழக்கம். இயக்குநர்கள் பகுதிக்குப் பகுதி மாறலாம், ஆனால் பாத்திரங்களின் பேச்சும் குணமும் மாறக்கூடாது, அதைக் காப்பவர்கள் எழுத்தாளர்களே. பார்வையாளர் முன்னிலையில் படமாகும் தொடரில் ஒரு வசனத்துக்குச் சிரிப்பு எழாவிட்டால், தளத்தில் நிற்கும் எழுத்தாளர்கள் அங்கேயே மாற்று வரியை யோசித்து நடிகரிடம் கொடுப்பார்கள். இத்தொழிலின் மிகக் கடினமான, மிக அழகான பகுதி இதுவே என்பது என் கருத்து. கல்யாணச் சமையலில் காய் நறுக்கச் சேர்ந்தவர், பல பந்திகளைப் பார்த்த பிறகு, எல்லா அடுப்புக்கும் பொறுப்பேற்கும் தலைமைச் சமையற்காரர் ஆவதைப் போன்றது இந்த வளர்ச்சி.

திரையில் ‘எழுதியவர்’ என்று ஒரு பெயர் வருவதால் அப்பகுதியின் நகைச்சுவை முழுவதும் அவருடையது என்று பலர் கருதுகிறார்கள். உண்மையில் அவர் எழுதிய வரைவைக் குழு முழுவதும் சேர்ந்து திருத்தியிருக்கும்.