உச்சக் குரலின் காலம்

கேள்வி: எம்.கே. தியாகராஜ பாகவதரின் பாடல்கள் எனக்கு உயிர். என் பேரனோ, "ஏன் தாத்தா இவ்வளவு உச்சத்தில் பாடுகிறார்?" என்று கேட்டுவிட்டு எழுந்து போய்விடுகிறான். ஊரே மயங்கிக் கிடந்த குரல் இன்றைய பிள்ளைகளுக்குப் பிடிக்காமல் போனது ஏன்?
– வாசகர், கும்பகோணம்

பதில்: பேரனின் கேள்வி நியாயமானது. அதற்கான விடை பாகவதர் பாடி வளர்ந்த நாடகக் கொட்டகையில் இருக்கிறது. ஒலிபெருக்கி இல்லாத அந்நாளில், கடைசியில் தரை டிக்கெட்டில் உட்கார்ந்திருப்பவர் காதிலும் சொல் தெளிவாக விழ வேண்டுமானால், நடிகர் மேல் ஸ்தாயியில் நின்று பாடியே தீர வேண்டும். அதில் சிகரம் தொட்ட எஸ்.ஜி. கிட்டப்பா, தமிழில் பேசும்படம் வேரூன்றுவதற்குள் 1933-இல் மறைந்துவிட்டாலும், பின்னால் வந்த பாடகர்களை ரசிகர்கள் அவரை வைத்தே எடை போட்டார்கள்.

1934-இல் 'பவளக்கொடி' படத்தில் பாகவதர் அறிமுகமானபோது, மேடை அப்படியே திரைக்குக் குடிபெயர்ந்தது. படத்தில் ஏறக்குறைய 50 பாடல்கள். நடித்துக்கொண்டே பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் கேமராவின் கண்ணில் படாமல் ஒதுங்கி உட்கார்ந்து வாசிப்பார்கள். மைக் வந்துவிட்டது, ஆனால் மேடையில் பழகிய குரல் அவ்வளவு எளிதில் தணிந்துவிடவில்லை. ரசிகர்களும் அதைத் தணிக்கச் சொல்லவில்லை. 1944-இல் வெளியான 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது அந்தக் குரலுக்காகத்தான் என்பேன்.

பின்னணிப் பாடல் முறை நிலைபெற்றதும் நடிப்பு ஒருவருக்கும் பாட்டு வேறொருவருக்கும் என்றாகி, மைக்குக்கு அருகில் நின்று மெல்லப் பாடுவதே ஒரு கலையாயிற்று. ஏ.எம்.ராஜாவும் பி.பி.ஸ்ரீனிவாஸும் கொண்டுவந்த மென்மை கொட்டகை மேடையில் எடுபட்டிருக்காது. பாகவதர் பாணியில் தொடங்கிய டி.எம்.சௌந்தரராஜனும் நடிகருக்கேற்பக் குரலை மாற்றிக்கொண்டார். இன்னொரு பக்கம், 1952-இல் 'பராசக்தி' போன்ற படங்களில் அனல் பறந்த வசனம், முன்பு பாட்டுக்கு இருந்த இடத்தில் பெரும்பகுதியைப் பிடித்துக்கொண்டது.

ஆகவே இளைஞர்களின் ரசனை கெட்டுவிட்டது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஹெட்போனில் காதோடு பேசும் குரலைக் கேட்டு வளர்ந்தவர்கள் அவர்கள். பேரனை ஒருமுறை உட்காரவைத்து, பாபநாசம் சிவன் எழுதிய 'மன்மத லீலையை' பாடலைக் கேட்கச் செய்யுங்கள். சாருகேசி ராகத்தில் பாகவதர் மேலே ஏறும் இடங்களில், பிருகாக்கள் எனும் சுரக் கோவைகள் அத்தனை வேகமாக உதிரும்போதும் ஓர் எழுத்துகூடச் சிதையாததை மட்டும் கவனிக்கச் சொல்லுங்கள்.