ஜெருசலேம் பந்தயத்தில் பக் வேய்லி உண்மையிலேயே லாபம் பார்த்தாரா? அப்படியென்றால் சொத்து எப்படிக் கரைந்தது?

லாபம் பார்த்தார். பதினெட்டாம் நூற்றாண்டு அயர்லாந்துச் சூதாடியான அவர், ஜெருசலேம் போய்த் திரும்புவேன் என்று கட்டிய பந்தயத்தில் ஜெயித்தது 15,000 பவுண்டு. பயணச் செலவு 8,000 போக 7,000 கையில் நின்றது. வாழ்க்கையில் தனக்குச் சாதகமாக முடிந்த ஒரே காரியம் இதுதான் என்கிற பொருள்பட அவரே நினைவுக்குறிப்பில் எழுதியிருக்கிறார். இந்தப் பயணத்தைக் குடிபோதைக் கிறுக்காகவே பலரும் சொல்கிறார்கள். என் கணிப்பு நேர்மாறானது: அவர் யோசித்துச் செய்த ஒரே சூதாட்டம் இது.

'பக்' என்பது பட்டப்பெயர். தாமஸ் வேய்லி என்ற இயற்பெயர் கொண்ட அவர் டப்ளின்காரர். அப்பா ரிச்சர்ட் சாப்பல் வேய்லி விக்லோ மாவட்டத்துப் பெரும் நிலக்கிழார். கத்தோலிக்கக் கோயில்களைக் கொளுத்தியவர் என்று ஊரே பட்டப்பெயர் வைத்திருந்த ஆள். 1769-ல் அவர் இறந்தபோது பையனுக்கு நான்கு வயது நிறையவில்லை. ஆண்டுக்குச் சுமார் 7,000 பவுண்டு வருமானமுள்ள நிலமும் பெரும் ரொக்கமும் வந்து சேர்ந்தன. 16 வயதில் ஓர் ஆசிரியரைத் துணைக்கு வைத்துப் பிரான்ஸுக்கு அனுப்பினார்கள். அங்கே ஒரே இரவில் 14,000 பவுண்டு தோற்றார். அதாவது இரண்டு வருட வருமானம். டப்ளினில் இருந்த லாடூஷ் வங்கி அந்தத் தொகைக்கு அவர் எழுதிக்கொடுத்த பணமாற்றுச் சீட்டுக்குப் பணம் தர மறுத்துவிட்டது. 1785-ல், சட்டப்படி 21 வயது ஆவதற்கு முன்பே, அயர்லாந்து நாடாளுமன்ற உறுப்பினரும் ஆகிவிட்டார்.

பந்தயம் பிறந்தது டியூக் ஆஃப் லெய்ன்ஸ்டர் என்ற அயர்லாந்துப் பிரபுவோடு உண்ட ஒரு விருந்தில். அடுத்து எங்கே பயணம் என்று கேட்டார்கள், ஜெருசலேம் என்றார். முடியாது என்று பலர் பணம் கட்டினார்கள். நிபந்தனை: இரண்டு வருடத்துக்குள் போய்த் திரும்பிவர வேண்டும், போனதற்கு ஆதாரம் காட்ட வேண்டும்.

எதிர்த்தரப்பு முட்டாள்தனமாகப் பணம் கட்டவில்லை. 1787 முதல் ரஷ்யாவும் துருக்கியும் போரில் இருந்தன. கிழக்குத் துறைமுகங்களில் பிளேக், கடலில் கொள்ளையர், பாலஸ்தீனத் தரைவழியில் வழிப்பறி. ஆள் உயிரோடு திரும்புவது சந்தேகம் என்பதுதான் அவர்கள் கணக்கு.

1788 அக்டோபரில் இங்கிலாந்தின் டீல் துறைமுகத்திலிருந்து கேப்டன் வில்சன் என்பவரோடு கப்பலேறினார். ஜிப்ரால்டரில் கேப்டன் ஹ்யூ மூர் சேர்ந்துகொண்டார். ஸ்மிர்னா (இன்றைய துருக்கியின் இஸ்மிர்) வந்ததும் வில்சன் படுத்துவிட்டார். மேலே வர முடியவில்லை. கூட்டாளி ஒருவர் கூடுதலாக இல்லாதிருந்தால் மீதி வழியை வேய்லி தனியாகத்தான் கடந்திருக்க வேண்டும்.

அடுத்த வேலை அனுமதிச் சீட்டு. அது கைக்கு வராமல் ஒட்டோமான் (துருக்கியப் பேரரசின்) மண்ணில் உள்ளே போவது கடினம். தலைநகர் கான்ஸ்டாண்டிநோபிளில் (இன்றைய இஸ்தான்புல்) பிரிட்டிஷ் தூதர் ராபர்ட் எய்ன்ஸ்லி, துருக்கியக் கடற்படைத் தலைவர் ஹசன் பாஷாவிடம் அழைத்துப்போய் அறிமுகம் செய்துவைக்க, அனுமதி கிடைத்தது. பிறகு பாலஸ்தீனக் கடற்கரையில் இருக்கும் ஏக்கர் என்ற நகரம். அங்கே ஆளுநர் அகமது அல்-ஜஸார். கொடூரத்துக்காகக் 'கசாப்புக்காரர்' என்றே பெயர் வாங்கியவர். அவரையும் எப்படியோ கவர்ந்து வழி வாங்கிக்கொண்டார். 1789 பிப்ரவரி இறுதியில் ஜெருசலேம். தங்கியது பிரான்சிஸ்கன் துறவிகளின் மடத்தில். வந்து தங்கியதற்குத் துறவிகளிடம் கையெழுத்திட்ட சான்றிதழ் வாங்கிக்கொண்டார். பந்தயமே அந்தக் காகிதத்தில்தான் இருந்தது. அது இல்லாவிட்டால் டப்ளினில் ஒருவரும் சல்லிக்காசு தந்திருக்க மாட்டார்கள். அதே கோடையில் ஊர் திரும்பினார். தவணையில் பாதிகூடச் செலவாகவில்லை. ஜெருசலேம் மதிற்சுவரில் பந்தடித்தார் என்பதெல்லாம் பின்னால் ஒட்டிய கதை என்றே எடுத்துக்கொள்ளுங்கள்.

இப்போது இரண்டாவது கேள்வி. பகடை மேசையில் ஏன் அழிந்தார்? ஜெருசலேம் பந்தயத்தில் தோற்றால் எவ்வளவு போகும் என்பது முதலிலேயே முடிவாகியிருந்தது. பகடையில் அந்த வரம்பு கிடையாது. அதோடு கடன் அமைப்பே விபரீதமானது. 1710-ல் இங்கிலாந்தில் வந்த சட்டம் சூதாட்டக் கடன் பத்திரங்களைச் செல்லாதவை ஆக்கியது. அயர்லாந்திலும் அதுபோன்ற சட்டம் இருந்தது. வழக்குப் போட்டு வசூலிக்க முடியாத கடன் என்பதால் அது மானப் பிரச்சினை ஆனது. தையற்காரருக்கும் ஒயின் வியாபாரிக்கும் வருடக்கணக்கில் பாக்கி வைக்கலாம், சூதில் தோற்றதை உடனே கட்டியாக வேண்டும். கட்டாதவனை அந்த வட்டாரத்தில் யாரும் சீண்டமாட்டார்கள்.

ரொக்கத்துக்கு எங்கே போவது? அயர்லாந்தில் வட்டிக்குச் சட்டப்படி உச்சவரம்பு 6 சதவீதம். ஊதாரிக்கு அந்த வட்டியில் எவன் கொடுப்பான்? அதனால் ஆயுள் ஆண்டுத்தொகை என்று ஒரு குறுக்குவழி பிடித்தார்கள். ஒரு மொத்தத் தொகையை இன்று வாங்கிக்கொண்டு, ஓர் ஆள் உயிரோடு இருக்கும்வரை வருடாவருடம் இவ்வளவு தருகிறேன் என்று எழுதிக்கொடுப்பது. அந்த ஆள் செத்தால் பணம் கொடுத்தவரின் முதல் போய்விடும் என்பதால் சட்டத்தின் கண்ணில் இது கடன் இல்லை, வட்டி வரம்பும் பொருந்தாது. இப்படி நாலைந்து எழுதிக்கொடுத்தால் நிலத்திலிருந்து வரும் குத்தகைப் பணம் முழுவதும் அதற்கே போகும். பிறகு நிலத்தை விற்பது ஒன்றுதான் வழி. அந்தத் தலைமுறைப் பிரபுக்கள் பலர் சரிந்த பாதை இது.

ஏறக்குறைய 4,00,000 பவுண்டைக் கரைத்து, அதற்கு மேல் 30,000 கடனும் வைத்ததாக வேய்லியே கணக்குச் சொல்கிறார். கடன்காரர்களுக்குப் பயந்து ஐல் ஆஃப் மேன் தீவுக்குப் போய், டக்ளஸ் நகரில் ஃபோர்ட் ஆன் என்ற மாளிகை கட்டினார். அயர்லாந்து மண்ணைக் கப்பலில் கொண்டுவந்து அஸ்திவாரத்தில் கொட்டினார் என்று ஒரு பேச்சு உண்டு. நான் அதை நம்பி எழுதமாட்டேன்.

கடைசியில் விற்க வாக்கு மட்டும்தான் மிஞ்சியது. அயர்லாந்து நாடாளுமன்றத்தைக் கலைத்து பிரிட்டனோடு இணைக்கும் சட்டம் வந்தபோது, ஆதரிக்கப் பணம் வாங்கினார், பிறகு எதிர்க்கவும் பணம் வாங்கினார் என்பது அவர்மேல் நிற்கும் பழி. உடன்பிறந்த சகோதரி ஆனின் கணவர் ஜான் ஃபிட்ஸ்கிப்பன்தான் அந்த இணைப்பை முன்னின்று நடத்திய லார்டு சான்சலர், அதாவது அயர்லாந்தின் உச்ச நீதித்துறை அதிகாரி. சட்டம் நிறைவேறிய அதே 1800-ல், நவம்பர் 2 அன்று, செஷயரின் நட்ஸ்ஃபோர்டில் 35 வயதைத் தொடும் முன்பே வேய்லி இறந்தார்.