ஜூஸர் வலை அடைத்துக்கொண்டு சக்கை ஈரமாக வந்தால் என்ன செய்வது?

கேரட் ஜூஸ் போட்டால் சக்கை சொதசொதவென்று வருகிறது, மெஷின் அதிர்கிறது, எவ்வளவு தேய்த்தாலும் கறை போகவில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். முதலில் வலையைப் பாருங்கள். வேகமாகச் சுழன்று சாறு பிரிக்கும் ஜூஸரில் வலைக்கண் அடைந்துவிட்டால், சாறு வெளியேற வழியில்லாமல் சக்கையோடு போய்விடும். ஒரு பக்கம் மட்டும் அடைத்திருந்தால் எடை சமமில்லாமல் ஆட்டம் கொடுக்கும். சக்கைக் கிண்ணம் நிரம்பி வழிந்தாலும், வலை சரியாக உட்காராவிட்டாலும் இதே ஆட்டம்தான் வரும்.

வலையை வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பிடித்தால் எந்த இடம் அடைத்திருக்கிறது என்று தெரிந்துவிடும். நார் உள்ளிருந்து வெளியே தள்ளப்பட்டுச் சிக்கியிருக்கும். அதனால் குழாய்த் தண்ணீரை வெளிப்புறமிருந்து விட்டு, அதே பக்கமிருந்தே நைலான் பிரஷ்ஷால் தேய்க்க வேண்டும். பலர் உள்பக்கத்தை மட்டும் தேய்ப்பார்கள். நார் இன்னும் இறுகும். பழைய டூத் பிரஷ் போதும். கம்பி நார் வேண்டவே வேண்டாம், வலை நெளிந்துவிடும். அடியில் இருக்கும் துருவல் பற்கள் கையைக் கிழிக்கும், கவனம்.

கறை இரண்டு வகை, இரண்டுக்கும் மருந்து வேறு. பிளாஸ்டிக்கில் ஏறும் ஆரஞ்சு நிறம் கேரட்டின் கரோட்டின். அது எண்ணெயில்தான் கரையும். சில சொட்டு தேங்காய் எண்ணெயைத் துணியில் தொட்டுத் துடைத்து, பிறகு சோப்பு போட்டுக் கழுவுங்கள். வலையில் சாம்பல் வெள்ளையாகப் படிவது பெரும்பாலும் உப்புப் படிவு. போர் தண்ணீர் வீடுகளில் சீக்கிரம் வரும். அதைச் சோப்பு அசைக்காது. ஒரு லிட்டர் வெதுவெதுப்பான தண்ணீரில் ஒரு மேசைக்கரண்டி சிட்ரிக் ஆசிட் கரைத்து, எவர்சில்வர் வலையை அரை மணி நேரம் ஊறவிட்டு பிரஷ் போடுங்கள். வினிகரும் சம அளவு தண்ணீரும் கலந்தாலும் சரி. ஆனால் வினிகரோடு ஆப்ப சோடாவைக் கலக்காதீர்கள். நுரை பார்க்க அழகாக இருக்கும். ஒன்றை ஒன்று முறித்துக்கொள்வதால் வேலை நடக்காது. பிளீச்சிங் திரவம் எவர்சில்வரில் குழி விழ வைக்கும்.

இத்தனை பாடும் தேவைப்படுவது சக்கை காய்ந்த பிறகுதான். ஜூஸ் போட்டு முடித்ததும் மெஷின் ஓடிக்கொண்டிருக்கும்போதே அரை டம்ளர் தண்ணீரை மேலே ஊற்றுங்கள். பிறகு பிளக்கைப் பிடுங்கி, பாகங்களைக் கழற்றி உடனே அலசுங்கள். கொதிநீர் கூடாது, மூடி வளைந்துவிடும். மோட்டார் பகுதியை நன்றாகப் பிழிந்த துணியால் துடைத்தால் போதும்.

கழுவியும் நாற்றம் வந்தால் ரப்பர் வளையத்தையும் சாறு வரும் மூக்கையும் பாருங்கள். வளையம் கழற்ற வருமென்றால் எடுத்து, அது உட்காரும் பள்ளத்தையும் தேய்த்து, தனியாகக் காயவிடுங்கள். ஈரத்தோடு மூடிவைத்தால் கறுப்புப் பூஞ்சை நிச்சயம்.

வாழைப்பழம், சப்போட்டா, தேங்காயெல்லாம் இந்த வலைக்கு ஆகாது. மிக்ஸி ஜாரில் அடியுங்கள். இஞ்சியை நாருக்குக் குறுக்கே மெல்லிசாக நறுக்கிப் போடுங்கள்.

வலை சுத்தமாக இருந்தும் சக்கை ஈரமாகவே வந்தால் துருவல் பற்கள் மழுங்கியிருக்கலாம். மழுங்கியிருந்தால் சாணை பிடிக்க முயலாதீர்கள், புது வலைதான் வாங்க வேண்டும். வலையில் கிழிசலோ விளிம்பில் பிளவோ தெரிந்தால் அன்றே தூக்கிப்போடுங்கள். அந்த வேகத்தில் உடைந்தால் கம்பித் துண்டு ஜூஸில் விழும்.