நாற்றுப் பையில் பச்சை, பாதையில் வெள்ளி: இரண்டும் ஒரே பாசியா?

கேள்வி: நிழல்வலைக்குள் இருக்கும் நாற்றுப் பைகளில் மண்ணின் மேல் பச்சைப் பாசி படர்ந்திருக்கிறது. வெயில் படும் சிமெண்ட் பாதை இடுக்குகளில் வெள்ளை கலந்த சாம்பல் நிறத்தில் இன்னொன்று. படங்கள் அனுப்பியுள்ளேன். இவை வெவ்வேறு வகையா? நாற்றுக்குப் போடும் உரத்தைத் தின்றுவிடுமா? மண் புளித்துவிட்டது, சுண்ணாம்பு போடு என்கிறார்கள். போடலாமா?

பதில்: வணக்கம். சுண்ணாம்பு போட வேண்டாம். படத்தில் தெரிவது பிரையம் அர்ஜென்டியம், அதாவது வெள்ளிப்பாசி. இது காரத்தன்மையுள்ள சிமெண்ட் பூச்சிலேயே செழிப்பாக வளரும். உங்கள் பாதையே அதற்குச் சாட்சி. பாசி வந்தாலே மண் புளித்துவிட்டது என்ற பேச்சு இந்த இனத்துக்குப் பொருந்தாது.

பச்சையும் வெள்ளையும் ஒரே இனம்தான். ஒரு தண்டைப் பிய்த்து லென்ஸில் பாருங்கள். ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டரே உள்ள இலைகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டி, சின்னக் கயிறு முறுக்கியதுபோல் இருக்கும். இலையின் மேல்பாதிச் செல்களில் பச்சையம் இருக்காது, கண்ணாடிபோல் தெளிந்திருக்கும். வெள்ளி மினுமினுப்பு அதனால்தான். வெயிலும் வறட்சியும் கூடினால் அந்தத் தெளிந்த பகுதி பெரிதாகும். நிழலும் ஈரமும் இருந்தால் அது சுருங்கி, தண்டு நீண்டு, பச்சை மேலோங்கும். நீண்ட வெள்ளை நுனி கொண்டதை லனாட்டம் என்று தனி வகையாகவே ஒரு காலத்தில் பிரித்து வைத்தார்கள். இந்த வேறுபாடு எல்லாமே சூழலால் வருவதல்ல, பரம்பரையாக வருவதும் உண்டு. பாதையிலிருந்து ஒரு கொத்தை எடுத்து நிழலில் ஈரமாக வைத்துப் பாருங்கள். பழைய இலை மாறாது. ஆனால் புதிதாக வரும் தளிர் பச்சையாக வரும். எனக்கு மிகவும் பிடித்த பாசி இது. ஹெட்விக் என்ற தாவரவியலாளர் இறந்தபின் 1801-இல் வெளியான அவரது நூலில் விவரிக்கப்பட்ட இது, அண்டார்டிகா உட்பட எல்லாக் கண்டங்களிலும் இருக்கிறது. கூரை, சுவர், நடைபாதை, மிதிபட்டு இறுகிய மண் என்று மனிதர் நடமாடும் இடமெல்லாம் வரும். காய்ந்து சருகானாலும் தண்ணீர் பட்டதும் உயிர் பெற்றுவிடும்.

சரி, நாற்றுக்கு வருவோம். பாசிக்கு வேர் கிடையாது. இருப்பவை பிடித்துக்கொள்ளும் நுண்ணிழைகள்தான். தண்ணீரையும் சத்தையும் பெரும்பாலும் உடம்பின் மேல்பரப்பாலேயே உறிஞ்சும். அதனால் நாற்றின் வேரோடு பெரிய போட்டி இல்லை. தடித்த மெத்தையாகிவிட்டால் மட்டும் தொல்லை: தண்ணீர் உள்ளே இறங்கத் தாமதமாகும், பொடி விதைகள் முளைத்து எழத் திணறும்.

பாசி இருக்கிறது என்றால் பையின் மேல்மண் எப்போதும் நனைந்தே கிடக்கிறது, இறுகியும் இருக்கலாம் என்று அர்த்தம். அடிக்கடி தெளிப்பதை விட்டு, காலையில் ஒரே முறை நன்றாக அடிவரை நனையுங்கள். மேல்பரப்பு காய்ந்த பிறகே அடுத்த தண்ணீர். உரத்தை மேலே தூவாமல் மண்கலவையில் கலந்துவிடுங்கள். தூவிய உரம் முதலில் பாசிக்குத்தான் கிடைக்கும். அப்புறம், பையின் மேல் ஒரு விரல்கனம் பருமணல் பரப்பினால் மேல்பரப்பு சீக்கிரம் காயும்.

சுரண்டி எடுக்கும்போது கவனம் வேண்டும். இந்தப் பாசியில் ஆண், பெண் தனித்தனிச் செடி. வித்து உண்டாகாத இடங்களிலும் ஒடிந்த தண்டு நுனியும் சிறு மொட்டும் புதுச் செடியாகிவிடும். சுரண்டியதைத் தரையில் உதறினால் நீங்களே விதைத்த மாதிரி. வாளியில் சேர்த்து வெளியே கொண்டுபோங்கள்.

அன்னபேதி (இரும்பு சல்பேட்) தெளித்தால் பாசி கருகும், உண்மைதான். ஆனால் இளம் நாற்றின் இலையும் கருகலாம், சிமெண்டில் துருக்கறை படியும். ஈரம் குறையாவிட்டால் பாசி மறுபடி வரும். நாற்றுப் பைகளில் அதைத் தெளிக்க நான் சொல்லமாட்டேன். பாதையில் உள்ளதை விட்டுவிடுங்கள், கால் வழுக்கும் இடத்தில் மட்டும் தேய்த்துக் கழுவினால் போதும்.

பைகளில் தண்டும் இலையும் இல்லாமல் தட்டையாக, நாக்குபோல் படர்ந்த பச்சை ஏதாவது தென்பட்டால் அது வேறு செடி, மார்கான்ஷியா. பை முழுவதையும் மூடிவிடக்கூடியது. அப்படி இருந்தால் கிட்டத்தில் எடுத்த படம் அனுப்புங்கள்.