எல்லாமே பகிடி: பக்கத்து மேசை அண்ணையோடு என்ன செய்வது?

கேள்வி: மல்லாவிப் பக்கம் ஒரு அலுவலகத்தில் வேலை செய்கிறேன். வயது 27. பக்கத்து மேசை அண்ணை எதற்கெடுத்தாலும் பகிடிதான். நான் கொஞ்சம் உடம்பான ஆள். ஸ்கூட்டியை நிறுத்தினால் "ரயர் பாவம்" என்பார். ரோல்ஸ் ஒன்றை எடுத்தால் "மற்றவைக்கும் வையும் பிள்ளை" என்பார். எல்லோரும் சிரிப்பார்கள், நானும் சிரிப்பேன். வேலை விசயம் கேட்டாலும் நேரான பதில் வராது. ஆனால் அம்மாவுக்கு இரவில் வருத்தம் கடுமையானபோது ஓட்டோ பிடித்துக் கிளிநொச்சி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனவரும் அவர்தான். முகத்தை முறிக்காமல் என்ன செய்யலாம்?

பதில்: "நானும் சிரிப்பேன்" என்று எழுதியிருக்கிறீர்களே, நான் அந்த இடத்தில்தான் நின்றுவிட்டேன். பகிடி விடுகிறவர் உங்கள் முகத்தைத்தான் பார்ப்பார். பல்லுத் தெரிந்தால் அவருக்குப் போதும். வீட்டுக்குப் போய் நீங்கள் சாப்பிடாமல் படுப்பது அவருக்கு எப்படித் தெரியும்?

எங்கள் ஊரில் இதற்கு எத்தனை சொற்கள் இருக்கின்றன பாருங்கள்: முசுப்பாத்தி, பகிடி, நளினம், நக்கல், நொட்டை. முசுப்பாத்தியான ஆள் என்றால் பாராட்டு. நக்கல் என்றால் குத்து. கனடிய உளவியலாளர் ரொட் மார்ட்டினும் அவரோடு சேர்ந்தவர்களும் 2003இல் நகைச்சுவையை நான்கு விதமாகப் பிரித்தார்கள்: ஆட்களை ஒட்டவைப்பது, கஷ்டத்தில் தன்னைத் தேற்றுவது, பிறரைக் குத்துவது, தன்னைத்தானே தாழ்த்திச் சிரிக்கவைப்பது. உங்கள் அண்ணையிடம் முதலாவதும் மூன்றாவதும் கலந்து கிடக்கிறது என்று நினைக்கிறேன். ஆகவே பகிடியை மொத்தமாக நிறுத்தச் சொல்லாதீர்கள், அது நடக்காது. உடம்பைப் பற்றிய பகிடியை மட்டும் பிரித்தெடுங்கள்.

இரண்டாவது விதத்தை நான் கிட்டத்தில் பார்த்திருக்கிறேன். 2009இல், போரில் இடம்பெயர்ந்த எங்களை வைத்திருந்த செட்டிகுளத்து முகாமில் தண்ணீர் வரிசையில் ஓர் ஐயா நிற்பார். பின்னால் வருகிறவர்களிடம் "ரிக்கற் எடுத்தனீங்களோ?" என்று படக் கொட்டகைக்காரர் போலக் கேட்பார். அந்த வெயிலிலும் சிரித்தோம். அவர் கையில் எப்போதும் இரண்டு வாளி. சின்ன வாளியை ஒருநாளும் நிரப்பமாட்டார், கொண்டுவந்து கொண்டுபோவார். ஏன் என்று நாங்களும் கேட்கவில்லை.

உங்கள் அண்ணைக்குள்ளும் அப்படி ஏதாவது இருக்கலாம். அதற்காக நீங்கள் பொறுத்துப் போகவேண்டும் என்றில்லை. வன்னியில் யாரிடம்தான் கதை இல்லை? உங்களிடமும் இருக்குமே.

சரி, செய்யவேண்டியதற்கு வருவோம். நாளையிலிருந்து சிரிப்பு வராத பகிடிக்குச் சிரிக்காதீர்கள். முறைக்கவும் வேண்டாம், செய்த வேலையைத் தொடருங்கள். ஆனால் நல்ல பகிடி விட்டால் வாய்விட்டுச் சிரியுங்கள். இல்லாவிட்டால் "பிள்ளைக்கு என்னோடை கோவம்" என்று அதையும் பகிடியாக்கிவிடுவார்.

அப்புறம், தனியாக இருக்கும் நேரம் பார்த்து ஒருமுறை சொல்லுங்கள். காலையில் மற்றவர்கள் வரமுன்னர் நல்லது. ஆட்கள் முன் சொன்னால் அவருக்கு அது மேடை. "அண்ணை, என்ரை உடம்பைப் பற்றி இனிக் கதைக்காதேங்கோ. எனக்கு அது நோகுது." இவ்வளவுதான். அம்மாவுக்குச் செய்த உதவியை இதற்குள் இழுக்காதீர்கள். அந்த நன்றி வேறு, இது வேறு. "ஐயோ, சீமாட்டிக்குக் கோவம் வந்திட்டுது" என்று அவர் தொடங்கக்கூடும். விளக்கம் கொடுக்காமல் அதே வசனத்தை இன்னொருமுறை சொல்லிவிட்டு மேசைக்குப் போங்கள்.

வேலை விசயத்துக்குக் கேள்வியை மாற்றிப் பாருங்கள். "எப்ப தருவியள்?" என்றால் "சித்திரை வருசத்துக்கு" என்பார். "வியாழனோ வெள்ளியோ?" என்று கேட்டால் பகிடிக்கு இடம் குறைவு. முதல் பகிடியைப் போகவிட்டு, மறுபடி "வியாழனோ வெள்ளியோ?" என்று கேளுங்கள். பெரும்பாலும் இரண்டாம் முறை பதில் வந்துவிடும்.

அவருடைய வழுக்கையைப் பற்றி நீங்களும் ஒன்று எடுத்துவிடலாம் என்று தோன்றும். வேண்டாம். அதில் அவருக்கு இருபது வருசப் பழக்கம், உங்களுக்கு இல்லை.

தனியாகச் சொல்லியும் நிற்காவிட்டால் திகதியையும் சொன்ன வார்த்தையையும் குறித்துக்கொண்டு மேலதிகாரியிடம் போங்கள். பல்கலைக்கழகத்துப் பகிடிவதைக்கு எதிரான 1998ஆம் ஆண்டுச் சட்டம் கல்வி நிறுவனங்களுக்கு மட்டுந்தான், உங்கள் அலுவலகத்துக்கு வராது. ஆனால் பேச்சு பாலியல் பக்கம் திரும்பினால், 1995இல் திருத்தப்பட்ட தண்டனைச் சட்டக்கோவையின் 345ஆம் பிரிவு இருக்கிறது. வேலைத்தலத்தில் வாயால் செய்யும் பாலியல் தொந்தரவும் அதற்குள் வரும். நீங்கள் எழுதியதைப் பார்த்தால் அந்தளவுக்குப் போகாது என்றே படுகிறது.

ஒன்றை மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். நீங்கள் சொன்ன பிறகு அண்ணை இரண்டு மூன்று நாள் கதைக்காமல் இருப்பார். அறையே ஒரு மாதிரி இருக்கும். அதைத் தாங்கமுடியாமல், தேத்தண்ணி நேரத்தில் நீங்களே உங்கள் உடம்பைப் பற்றி ஒரு பகிடி விட்டுவிடாதீர்கள். என்னிடம் வந்தவர்களில் கனபேர் வழுக்கிய இடம் அதுதான்.